தாங்கியின் உட்சுவர்: ஊவா மலையில் ஒரு பூச்சுக் கணக்கின் கதை

ஆடி பிறந்தால் ஊவாவில் காற்று மாறிவிடும். தென்மேற்குப் பருவமழை ஹட்டன், நுவரெலியா பக்கத்தில் கொட்டித் தீர்த்துவிட்டு, மத்திய மலைத்தொடரைத் தாண்டும்போது ஈரமெல்லாம் இழந்து, கச்சான் என்னும் வறண்ட காற்றாக அப்புத்தளை, பண்டாரவளை, பதுளைச் சரிவுகளில் இறங்கும். ஜூலை முதல் செப்டெம்பர் வரை வீசும் இந்தக் காற்றுதான் ஊவாத் தேயிலைக்கு உலகச் சந்தையில் தனி மணத்தையும் தனி விலையையும் வாங்கித் தந்தது. ஸ்டோரில், அதாவது தேயிலைத் தொழிற்சாலையில், இரவு பகலாக வேலை நடக்கும் காலம் அது. அதே மாதங்களில் லயத்துப் பீலியில் தண்ணீர் நூலாக இறங்கும். தாங்கிகளின் அடித்தளம் தெரியும். உள்ளே இறங்கிச் சேறு வாரி, சுவரைத் தேய்த்துக் கழுவி, காயவிட்டு, பூச்சடிக்க ஆண்டில் இதைவிட நல்ல நேரம் கிடையாது. ஐப்பசி மழை பிடித்துவிட்டால் சுவர் காயாது. காயாத சுவரில் எந்தப் பூச்சும் நிற்காது.

தாங்கிக்குள் இறங்கும் பாஸ் முதலில் கேட்கும் கேள்வி எளிமையானது: எத்தனை லீட்டர் பெயின்ட் வாங்க வேண்டும்? பதுளை டவுனுக்குப் போய்வர ஒரு நாள் கூலி போய்விடும் தோட்டங்கள் ஊவாவில் ஏராளம். குறைத்து வாங்கினால் பாதிச் சுவரில் வேலை நிற்கும். கூட்டி வாங்கினால் மிச்சம் தகரத்துக்குள்ளேயே இறுகிப்போகும். இந்தச் சின்னக் கணக்கு ஊவாவுக்கு வந்து சேர்ந்த வழியில் நூற்றைம்பது ஆண்டு வரலாறு இருக்கிறது.

கோப்பிக் காலத்துத் தொட்டிகளுக்கு நான்கு மூலை உண்டு. பறித்த பழத்தைத் தோலுரித்து, ஊறப்போட்டுப் புளிக்க வைத்து, கொட்டையை அலசி எடுக்க வேண்டும். அதற்குக் கல்லும் சுண்ணாம்பும் வைத்துக் கட்டிய நீள்சதுரத் தொட்டிகள் போதும். அவற்றின் சுவரை அளப்பதும் சிரமமில்லை. நீளத்தை உயரத்தால் பெருக்கத் தெரிந்தால் சரி. அந்தத் தொழிலின் முடிவும் ஊவாவில்தான் தொடங்கியது. 1869 இல் மடுல்சீமைப் பகுதியில்தான் கோப்பி இலைத்துரு நோய் இலங்கையில் முதன்முதலாகக் கவனிக்கப்பட்டது. ஹெமிலியா வாஸ்டாட்ரிக்ஸ் என்று பெயர் சூட்டப்பட்ட அந்தப் பூஞ்சணம் இருபதே ஆண்டுகளில் தீவின் கோப்பியைத் தின்று தீர்த்தது. 1890 இல் தோமஸ் லிப்டன் வந்து அப்புத்தளைப் பக்கம் டம்பத்தென்னை உள்ளிட்ட தோட்டங்களை வாங்கியபோது, மலைகளில் தேயிலை ஏறிக்கொண்டிருந்தது.

தேயிலையைக் கழுவுவதில்லை. ஆனால் உருட்டவும் உலர்த்தவும் சலிக்கவும் இயந்திரம் வேண்டும், இயந்திரத்தை ஓட்ட விசை வேண்டும். ஓடைத் தண்ணீரைக் குழாயில் இறக்கிச் சக்கரத்தையும் டர்பைனையும் சுழற்றினார்கள். நீராவிக் கொதிகலனும் எண்ணெய் எஞ்சினும் வந்தன. இவற்றோடு தோட்டத்துக்குள் நுழைந்ததுதான் உருளை. கொதிகலன் உருளை, நீரிறக்கும் குழாய் உருளை, எண்ணெய்த் தாங்கி உருளை. எஞ்சினைக் குளிரவைக்கப் பக்கத்தில் நிறுத்திய நெளிதகரத் தண்ணீர்த் தாங்கியும் உருளைதான்.

காரணம் தண்ணீரின் குணத்தில் இருக்கிறது. நிறைந்த தாங்கியின் சுவரைத் தண்ணீர் எல்லாப் பக்கமும் வெளியே தள்ளுகிறது. சதுரத் தொட்டியில் அந்தத் தள்ளல் தட்டைச் சுவரை வளைத்து மூலைகளில் போய்ச் சேரும். விரிசலும் அங்கேதான் விழும். வட்டச் சுவரில் மூலையே இல்லை. தள்ளுவிசை முழுவதும் சுவரின் சுற்றுவாக்கில் இழுவிசையாகிவிடும். பீப்பாய்க்குப் போட்ட பட்டையைப்போல் தகரமே அதைத் தாங்கிக்கொள்ளும். ஆகவே மெல்லிய தகரத்தால் பெரிய தாங்கி செய்ய முடிந்தது. பொருளும் மிச்சமாகிறது: 1.6 மீட்டர் உயரத்தில் 5000 லீட்டர் பிடிக்கும் சதுரத் தொட்டிக்குச் சுவரும் அடித்தளமும் சேர்த்து ஏறத்தாழ 14.4 சதுர மீட்டர் உட்பரப்பு வரும். அதே உயரம், அதே கொள்ளளவுள்ள உருளைக்கு 13.2 போதும். பூச்சிலும் அதே விகிதத்தில் மிச்சம்.

மெல்லிய தகரம் ஊவாவுக்கு ஏன் அவ்வளவு முக்கியமாயிற்று என்பதை ரயில்பாதையின் தேதிகள் சொல்லும். பண்டாரவளைக்கு ரயில் 1894 இல் வந்துவிட்டது. அங்கிருந்து பதுளைக்குப் போய்ச் சேர இன்னும் முப்பது ஆண்டு பிடித்தது. தெமோதரையில் பாதை ஒரு சுற்றுச் சுற்றித் தன் அடியிலேயே புகுந்து வெளிவரும் அந்த அற்புதத்தைக் கட்டி முடித்து, 1924 ஏப்ரல் 5 ஆம் தேதிதான் பதுளை நிலையத்தைத் திறந்தார்கள். அதுவரை பசறை, லுணுகலை, மடுல்சீமைத் தோட்டங்களுக்கு இரும்பும் சீமெந்தும் தாரும் மாட்டுவண்டியிலும் ஆள் தலையிலும்தான் ஏறின. 1829 இல் லண்டனில் ஹென்றி பாமர் காப்புரிமை பெற்ற நெளிதகரமும், 1837 இல் பிரான்சில் சோரெல் காப்புரிமை பெற்ற துத்தநாக முலாமும் சேர்ந்து, அடுக்கிக் கட்டித் தூக்கக்கூடிய ஒரு பொருளை மலைக்குக் கொடுத்தன. லயத்துக் கூரை அதில் ஆனது. ஸ்டோரின் சுவர் அதில் ஆனது. வட்டமாக வளைத்து ரிவெட் அடித்தால் தாங்கியும் ஆனது.

இனிக் கணக்கு. உருளையின் சுவரை மேலிருந்து கீழாக ஒரு கோட்டில் வெட்டிப் பாய்போல் விரித்தால் கிடைப்பது நீள்சதுரம். அதன் ஒரு பக்கம் தாங்கியின் உயரம், மறுபக்கம் சுற்றளவு. ஆகவே சுற்றளவு தெரிந்தால் போதும், பரப்பு வந்துவிடும். சுற்றளவுக்கு விட்டத்தை 22/7 ஆல் பெருக்க வேண்டும். 6 அடி விட்டமுள்ள தாங்கியில் இந்தப் பின்னத்தால் வரும் பிழை ஓர் அங்குலத்தில் பத்தில் ஒரு பங்குகூட இல்லை. தூரிகை பிடிக்கும் கைக்கு இதைவிடத் துல்லியம் தேவையில்லை.

கேலனும் அடியும் ஆண்ட காலத்துக்கு வசதியான ஓர் அளவு உண்டு. 6 அடி விட்டம், 6 அடி உயரம். ஒரு கன அடிக்கு 6.23 கேலன் என்ற கணக்கில் இந்தத் தாங்கி ஆயிரம் கேலனைச் சற்றே தாண்டும். இதன் சுற்றளவு 18.86 அடி, சுவர்ப் பரப்பு 113 சதுர அடி. அடித்தளத்துக்கு, சுற்றளவில் பாதியை விட்டத்தில் பாதியால் பெருக்கினால் 28 சதுர அடிக்குச் சற்றே மேல் வரும். காரி நாயனாரின் கணக்கதிகாரம் வட்டத்தின் பரப்புக்குச் சொல்லும் வழியும் இதுவே. திண்ணைப் பள்ளிகளில் தலைமுறை தலைமுறையாக மனப்பாடம் செய்யப்பட்ட விதி. இரண்டையும் கூட்டினால் 141 சதுர அடி. நூறு சதுர அடியை ஒரு சதுரம் என்று எண்ணிக் கூலி பேசும் வழக்கத்தில் ஒன்றே கால் சதுரத்துக்கு மேல், ஒன்றரைக்குக் கீழ்.

நெளிதகரத் தாங்கியானால் இந்த எண் போதாது. அலை அலையாக மடிந்த தகரத்தை இழுத்து நீட்டினால் வரும் நீளத்துக்குத்தான் பெயின்ட் வேண்டும். இந்தியக் கட்டுமான அளவை விதிகள் நெளிதகரத்தின் தட்டைப் பரப்பை 1.14 ஆல் பெருக்கச் சொல்கின்றன. அப்படிப் பார்த்தால் 113 சதுர அடிச் சுவர் 129 ஆகிவிடும். ஏழில் ஒரு பங்கு கூடுதல்! கூரைக்குப் பெயின்ட் அடித்துப் பழகியவர்களுக்கு இது கைவசம். மற்றவர்கள் கடைசிச் சுற்றில் தகரத்தின் அடியைச் சுரண்டும்போது கற்றுக்கொள்வார்கள்.

இன்னொரு இடறல் சுவரின் கனம். நிறைந்த தாங்கிக்குள் இறங்கி விட்டம் அளக்க முடியாது என்பதால் வெளியே நூலைச் சுற்றி அளப்பது வழக்கம். தகரத்துக்கு அது சரி. கல், செங்கல் சுவருக்குச் சரியில்லை. சுவரின் கனம் எவ்வளவோ அதைப்போல் ஆறேகால் மடங்கு, வெளிச்சுற்றளவைவிட உட்சுற்றளவு குறையும். 9 அங்குலச் செங்கல் சுவரானால் நாலேமுக்கால் அடி குறைவு. இதில் வியப்பான செய்தி, தாங்கி சிறிதானாலும் பெரிதானாலும் இந்தக் குறைவு மாறாது. அது கனத்தை மட்டுமே பொறுத்தது. பழைய தோட்டங்களின் ஒன்றரையடிக் கருங்கல் சுவருக்கு ஒன்பது அடிக்கு மேல் கழிக்க வேண்டும்.

எதைப் பூசினார்கள் என்பது கொஞ்சம் வருத்தமான பக்கம். இரும்புக்கு அந்தக் காலத்தின் நம்பகமான முதல் பூச்சு, ஆளிவிதை எண்ணெயில் குழைத்த செவ்வீயம். துருவை அது நன்றாகத் தடுத்தது என்பதில் ஐயமில்லை. ஆனால் அது ஈயம். உப்பும் சுண்ணாம்பும் இல்லாத மென்னீர் ஈயத்தை எளிதில் கரைக்கும். இங்கிலாந்தின் ஷெஃபீல்டு நகரில் 1880களில் மேட்டுநிலத்து மென்னீர் ஈயக் குழாய்களைக் கரைத்து ஊரையே நோயில் தள்ளியது. மழைநீரைவிட மென்மையான நீர் இல்லை. அடுத்த பூச்சு நிலக்கரித் தார். நீர் புகாது, மலிவு. ஆனால் அதிலுள்ள சேர்மங்கள் புற்றுநோய் உண்டாக்கக்கூடியவை என்பதால் குடிநீர்ப் பயன்பாட்டிலிருந்து அதை விலக்கவேண்டி வந்தது. இலங்கையில் பெயின்டிலுள்ள ஈயத்துக்குச் சட்டபூர்வமான வரம்பு நடைமுறைக்கு வந்தது 2013 இல்தான். அத்தனை தாமதம் நியாயமே இல்லாதது.

ஸ்டோரின் எஞ்சின் தாங்கியும் துரை பங்களாவின் தாங்கியும் தோட்டக் கணக்குப் புத்தகத்தில் இருந்தன. லயத்து மக்கள் குடித்ததும் குளித்ததும் பீலியிலும் பொதுக் குழாயிலும். அந்தக் குழாய்க்குத் தண்ணீர் விட்ட தாங்கி யாருடையது, அதன் உட்சுவரைக் கடைசியாக யார் பார்த்தார்கள் என்று கேட்கும் இடத்தில் அவர்கள் வைக்கப்படவில்லை. 1970களில் தோட்டங்கள் அரசுடைமையாகின. 1992 இல் பிராந்தியப் பெருந்தோட்டக் கம்பனிகளின் நிர்வாகத்துக்கு மாறின. கை மாறிய ஒவ்வொரு முறையும் தேயிலை ஏக்கர் துல்லியமாக எண்ணப்பட்டது. தாங்கிகளுக்கு அந்தக் கவனம் கிடைக்கவில்லை.

இந்த நிலைமையில் ஒரு திருப்பம் பதுளை மாவட்டத்திலேயே நிகழ்ந்தது. உலக வங்கியின் கடனுதவியோடு 1993 இல் பதுளை, இரத்தினபுரி, மாத்தறை மாவட்டங்களில் சமூக நீர்வழங்கல், சுகாதாரத் திட்டம் தொடங்கியது. ஊற்றும் ஓடையும் வீட்டைவிடத் தாழ்ந்து கிடக்கும் மேட்டுக் கிராமங்களுக்குக் குழாய்த் தண்ணீர் ஏறாது. அத்தகைய வீடுகளுக்காக 1995 இல் பதுளையிலும் மாத்தறையிலும் கூரை மழைநீரைச் சேமிக்கும் தாங்கிகளைக் கட்டினார்கள். கொள்ளளவு 5000 லீட்டர். ஐந்து பேர் உள்ள வீட்டில் ஆளுக்கு நாளொன்றுக்கு 20 லீட்டர் வீதம் 50 நாளுக்கு வரும். ஒரு சதுர மீட்டர் கூரையில் ஒரு மில்லிமீட்டர் மழை விழுந்தால் ஒரு லீட்டர் தண்ணீர். ஆகவே 40 சதுர மீட்டர் கூரைக்கு 125 மில்லிமீட்டர் மழை கிடைத்தால், சிந்தாமல் பிடித்தால், தாங்கி நிறைந்துவிடும். ஊவாவின் வடகீழ்ப் பருவமழைக்கு இது பெரிய காரியமில்லை.

இரண்டு வகைத் தாங்கிகள் கட்டப்பட்டன. ஒன்று நிலத்துக்குள் இறங்கிய செங்கல் தாங்கி. மற்றது தரைக்கு மேலே நிற்கும் ஃபெரோசீமெந்துத் தாங்கி: வளைத்த கம்பிச் சட்டங்களை நிறுத்தி, கோழிவலை சுற்றி, மணலும் சீமெந்தும் குழைத்த சாந்தை உள்ளும் புறமும் அப்பிச் செய்வது. வயிறு புடைத்த அதன் உருவம் காரணமாகப் பூசணித் தாங்கி என்ற பெயரில் அது உலகெங்கும் தொழில்நுட்பக் கையேடுகளில் இடம்பிடித்தது. கம்பிவலையும் சாந்தும் சேர்ந்த இந்தப் பொருளில் 1848 இல் பிரான்சில் லாம்போ என்பவர் படகு செய்து மிதக்கவிட்டார். தண்ணீரை வெளியே நிறுத்தச் செய்த பொருள் ஒன்றரை நூற்றாண்டு கழித்து ஊவாவில் தண்ணீரை உள்ளே நிறுத்தியது.

கட்டுமானப் பெருமையைவிடப் பெரியது வேறொன்று. இந்தத் தாங்கி வீட்டுக்காரருடையது. மண் சுமந்ததிலும் கலவை குழைத்ததிலும் குடும்பத்தின் உழைப்பு இருந்தது. விரிசல் விட்டால் தெரிவது அவர்களுக்கு, பூச்சுக்குக் காசு எடுக்க வேண்டியதும் அவர்கள். எத்தனை லீட்டர் என்ற கேள்வி ஸ்டோர் லெட்ஜரிலிருந்து வீட்டு முற்றத்துக்கு வந்து சேர்ந்தது அப்போதுதான்.

பூசணிக்கு உருளைக் கணக்கு பொருந்துமா? இங்கேதான் கணித வரலாறு கைகொடுக்கிறது. ஓர் உருண்டையை இறுக்கமாக அணைத்து நிற்கும் உருளையின் சுவர்ப் பரப்பும் அந்த உருண்டையின் பரப்பும் ஒன்றே என்று கிறிஸ்துவுக்கு முன் மூன்றாம் நூற்றாண்டில் ஆர்க்கிமிடீஸ் நிறுவினார். தன் கல்லறையில் அந்த உருவத்தையே செதுக்கச் சொன்னார் என்பார்கள். 1150 அளவில் லீலாவதி எழுதிய பாஸ்கரரும், பந்தைச் சுற்றிய வலையைப்போன்ற அந்தப் பரப்பு வட்டப் பரப்பின் நான்கு மடங்கு என்று கூறினார். ஆர்க்கிமிடீஸின் விதி முழு உருண்டைக்கு மட்டுமல்ல. மேலும் கீழும் சீவிய உருண்டைக்கும் அப்படியே செல்லும். வயிற்றின் சுற்றளவை உயரத்தால் பெருக்கினால் போதும். புடைப்பு எவ்வளவு, வளைவு எப்படி என்று குழம்ப வேண்டியதில்லை.

எண் போட்டுப் பார்க்கலாம். உள்வயிற்றின் சுற்றளவு 7 மீட்டர், உயரம் 1.5 மீட்டர் என்றால் சுவர் 10.5 சதுர மீட்டர். இப்படிச் சீவிய உருண்டையின் கொள்ளளவு 5000 லீட்டரை ஒட்டி வரும். அடித்தளம் சுமார் 2.1 சதுர மீட்டர். மொத்தம் 12.6. உண்மையான பூசணித் தாங்கி கச்சிதமான உருண்டையல்ல. இருந்தாலும் வாங்குவதற்கு இந்த எண் போதும்.

பரப்பிலிருந்து லீட்டருக்குப் போக ஒரே ஓர் உண்மையை நினைவில் வைத்தால் சரி: ஒரு லீட்டரை ஒரு சதுர மீட்டரில் பரப்பினால் ஒரு மில்லிமீட்டர் கனம் நிற்கும். பத்து சதுர மீட்டரில் பரப்பினால் மில்லிமீட்டரில் பத்தில் ஒரு பங்கு. தகரத்தில் அச்சிட்டிருக்கும் பரப்பளவு வழவழப்பான தளத்துக்குச் சொன்னது. சொரசொரப்பான சாந்துச் சுவர் அதில் ஒரு பகுதியைக் குடித்துவிடும். முதல் பூச்சு எப்போதுமே அதிகம் குடிக்கும். ஒரு லீட்டர் 5 சதுர மீட்டருக்குத்தான் வரும் என்று வைத்துக்கொண்டால், 12.6 சதுர மீட்டருக்கு இரண்டு பூச்சு அடிக்க 5 லீட்டர். கடையில் ஒரு 4 லீட்டர் தகரமும் ஒரு லீட்டர் தகரமும் கேட்டால் வேலை முடியும். புதுச் சீமெந்துத் தாங்கிக்கோ பெயின்டே தேவையில்லை, கெட்டியாகக் கரைத்த சீமெந்துப் பாலை இரண்டு தரம் இழுத்து ஈரம் காயாமல் பதப்படுத்தினால் போதும். முதல் சில வாரத் தண்ணீரில் சுண்ணாம்புச் சுவை இருக்கும், பிறகு அடங்கிவிடும். விரிசல் கண்ட பழைய தாங்கிக்குத்தான் நீர்காப்புப் பூச்சு.

உள்ளே இறங்குவதில் உயிராபத்து உண்டு, அதை மென்று விழுங்கக் கூடாது. பெயின்டில் கலந்த கரைப்பானின் ஆவி காற்றைவிடக் கனமானது. மூடிய தாங்கியில் அது அடியில், குனிந்து வேலை செய்பவரின் மூக்கருகே தேங்கும். பல நாள் மூடிக் கிடந்த தாங்கியில் மூச்சுக்குரிய காற்றே குறைந்திருக்கலாம். முதல் நாளே மூடியைத் திறந்து வைக்க வேண்டும். உள்ளே ஒருவர் இருக்கும்போது வெளியே கயிற்றோடு ஒருவர் நிற்க வேண்டும். அவர் பூச்சு முடியும்வரை நகரக் கூடாது.

இன்று கறுப்பு பிளாஸ்டிக் தாங்கிகள் லயத்துப் படிக்கட்டுகள்வரை ஏறிவிட்டன. அவற்றுக்குப் பூச்சு வேண்டாம். 2005 இல் இலங்கை மழைநீருக்கென்றே ஒரு தேசியக் கொள்கையை அறிவித்தது. 2007 இல் நகர அபிவிருத்திச் சட்டம் அதற்கேற்பத் திருத்தப்பட்டது. ஆனால் கல், தகர, ஃபெரோசீமெந்துத் தாங்கிகள் ஊவாவில் இன்னும் நிற்கின்றன. அவற்றை நம்பிக் குழந்தைகள் தண்ணீர் குடிக்கிறார்கள். அடுத்த கச்சான் காலத்தில் தாங்கி வற்றும்போது உள்ளே டேப் பிடித்து விட்டம், உயரம் இரண்டையும் அளந்துகொள்ளுங்கள். குடிநீர்த் தாங்கிக்கு உகந்தது என்று தகரத்தில் எழுதியிருக்கும் பூச்சை மட்டும் வாங்குங்கள். உட்பரப்பு எத்தனை சதுர மீட்டர், பூசிய பொருள் எது, தேதி என்ன என்ற மூன்றையும் தாங்கியின் வெளிச்சுவரில் பெரிய எழுத்தில் எழுதி வையுங்கள். லயங்களுக்குத் தண்ணீர் விடும் ஒவ்வொரு தாங்கியிலும் தோட்டக் கம்பனிகளும் இதையே செய்ய வேண்டும்.